அறுபது மீட்டர் உயரத்தில் அம்மா

“சாவியை எடுத்துக்கோடி” என்று அம்மா காலையில் மூன்று முறை சொன்னாள். “எனக்குத் தெரியும்மா, நான் என்ன குழந்தையா?” என்று கதவை அறைந்து சாத்திவிட்டுப் போன மகள், பரீட்சை முடிந்து மதியம் வந்து பூட்டிய கதவின் முன் திருதிருவென்று விழித்தாள். சாவி உள்ளே இருந்தது. அம்மா போனை எடுக்கவில்லை. வேறு வழியில்லாமல், பதினைந்து வயதில் முதன்முறையாக அம்மாவின் வேலையிடத்துக்குக் கிளம்பினாள்.

அம்மா கிரேன் ஓட்டுகிறாள். மகள் தன் தோழிகளிடம் “ஆபீஸ்ல வேலை” என்றுதான் சொல்லி வைத்திருந்தாள். எண்ணெய் வாடையோடு வந்து, பேச்சின் நடுவிலேயே உட்கார்ந்தபடி தூங்கிவிடுகிறவளைப் பற்றிச் சொல்ல என்ன இருக்கிறது?

கட்டட வேலை நடக்கும் இடத்தின் வாசலில் மேஸ்திரி அவள் தலையில் ஒரு ஹெல்மெட்டைக் கவிழ்த்தார். “அக்கா பொண்ணா? இங்கயே நில்லு. உங்கம்மா மேல இருக்காங்க.”

அண்ணாந்து பார்த்தாள். வானத்தில் தீப்பெட்டி அளவுக்கு ஒரு கண்ணாடிக் கூண்டு. கிரேனின் நீண்ட கையிலிருந்து, பேருந்தைவிட நீளமான இரும்பு உத்தரம் ஒன்று தொங்கியது. பாதி கட்டிய மாடியில் நான்கு பேர் அதற்காகக் காத்திருந்தார்கள்.

திடீரென்று காற்று வீசியது. உத்தரம் ஊசலாடியது. நால்வரும் பின்வாங்கினார்கள்.

மேஸ்திரியின் வாக்கிடாக்கி கரகரத்தது. “யாரும் பதறாதீங்க. தள்ளி நில்லுங்க. நான் பாத்துக்கறேன்.”

அம்மாவின் குரல். காலையில் நச்சரித்த அதே குரல்.

கிரேனின் கை உத்தரம் ஆடிய பக்கமாகவே மெல்ல நகர்ந்தது. ஆட்டம் அடங்கியது. பிறகு அத்தனை இரும்பும் தொட்டிலில் பிள்ளையைக் கிடத்துவதுபோல அங்குலம் அங்குலமாக இறங்கி, தூண்களுக்கு நடுவே உட்கார்ந்தது.

ஏணி வழியாக இறங்கி வர அம்மாவுக்குக் கால்மணி நேரம் ஆயிற்று. மகளைப் பார்த்ததும், “சாவிதானே?” என்றாள்.

அவள் மேலே கூண்டைக் காட்டினாள். “அம்மா... அங்க பயமா இருக்காதா?”

“இல்லாம? மொத நாள் பாதி ஏணியிலயே உக்காந்து அழுதுட்டேன். இவருதான் டீ வாங்கித் தரேன்னு கெஞ்சி இறக்கினாரு.”

“இன்னும் வாங்கித் தரல” என்று மேஸ்திரி சிரித்தார்.

“ஏம்மா எங்கிட்ட இதெல்லாம் சொல்லவே இல்ல?”

“நீ எங்கடி கேட்ட?”

அம்மா தண்ணீர் குடித்துவிட்டு, தன் சாவியை மகள் கையில் கொடுத்து, மறுபடி ஏணியைப் பிடித்தாள். மகள் வீட்டுக்குப் போகவில்லை. மடியில் விரித்த கணக்குப் புத்தகத்தில் ஒரு பக்கம்கூடப் புரட்டாமல், அந்தக் கூண்டையே பார்த்தபடி சாயங்காலம் வரை அங்கேயே உட்கார்ந்திருந்தாள்.