மாமனாரின் குளோசப்

ஊமைப்படங்கள் ஓடிய காலத்தில் ஒரு நடிகர் இருந்தார், கண்ணுகளா. அவர் பெயர் போஸ்டரில் வந்ததே இல்லை. கதாநாயகிக்கு அப்பா வேண்டுமென்றால் ஆள் அனுப்பிக் கூப்பிடுவார்கள். பெண்ணைக் கட்டிக் கொடுத்துக் கொடுத்தே 'மாமனார்' என்ற பெயர் நிலைத்துவிட்டது. ஸ்டூடியோவில் தரை பெருக்குகிறவர்கூட "வாங்க மாமா" என்பார். அவருக்குக் கல்யாணமே ஆகவில்லை என்பது வேறு விஷயம்.

வீட்டில் ஒரு தங்கை, தையல் வேலை செய்கிறவள். சின்ன வயசில் வந்த ஜுரத்தில் அவளுக்குக் காது போய்விட்டது. உதட்டைப் பார்த்தே பேச்சைப் படித்துவிடுவாள். ஊமைப்படத்தில்தான் சத்தம் கிடையாதே, நடிகர்கள் வாய்க்கு வந்ததைப் பேசுவார்கள். கொட்டகையே மூக்கைச் சிந்தும்போது இவள் மட்டும் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள்.

"அவ ஒண்ணும் காதல் பேசலண்ணா. 'வெங்காயம் தின்னுட்டு வந்தியா, தள்ளி நில்லு'ங்கறா!"

அண்ணன் நடித்த படம் ஒன்றைக்கூட அவள் விட்டதில்லை. அதனால்தான் அவரால் சொல்ல முடியவில்லை. முழங்கால் வீங்கிக் கிடந்தது. தாடி ஒட்டும் பசையில் கன்னத்துத் தோல் வெந்துபோயிருந்தது. அந்தச் சூட்டு விளக்குகளைப் பார்த்தாலே உடம்பு கெஞ்சியது. நடிப்பை விட்டுவிட்டால் அவளுடைய ஒரே சந்தோஷம் போய்விடுமே என்று, வந்த வார்த்தையை மென்று விழுங்கிக்கொண்டிருந்தார்.

ஒருநாள் மாமனார் சாகிற காட்சி. கட்டிலில் படுக்க வைத்தார்கள். காலமெல்லாம் அவர் ஏங்கிய குளோசப் அன்றுதான் வாய்த்தது. கேமரா மூக்குக்கு நேரே வந்து நின்றது.

"மாப்பிள்ளைகிட்ட ஏதாவது பேசுங்க மாமா, உதடு ஆடினாப் போதும்," என்றார் டைரக்டர்.

மெத்தையில் முதுகு பட்டதுதான் தாமதம், உள்ளே அடைத்துக் கிடந்தது வெளியே வந்துவிட்டது. "இப்படியே கெடந்தாப் போதும்னு இருக்கு தம்பி. இனிமே நடிக்க முடியல. தங்கச்சிகிட்ட சொல்லத்தான் வாய் வரல." கண்ணீர் தானாக வழிந்தது.

"பிரமாதம்!" என்று துள்ளினார் டைரக்டர். பிறகு கேமராவைத் திருப்பி, மாப்பிள்ளை பதில் பேசுவதையும் எடுத்தார்கள்.

வீட்டுக்குப் போகிற வழியில்தான் மாமனாருக்குத் தூக்கிவாரிப் போட்டது. தங்கச்சி படித்துவிடுவாளே!

விடிந்ததும் படம் வெட்டி ஒட்டுகிற அறைக்கு ஓடினார். அங்கே வேலை பார்க்கிறவளை எல்லோரும் கத்தரி அக்கா என்பார்கள். கழுத்தில் ஃபிலிம் துண்டுகளை மாலைபோலப் போட்டிருந்தாள்.

"அக்கா, என் குளோசப்ப எடுத்துடுங்க."

"புத்தி கித்தி பிசகிடுச்சா? இதுக்காக யார் யார் கால்லயோ விழுந்தீங்க. மூஞ்சி ராஜா மாதிரி விழுந்திருக்கு மாமா."

"ராஜா வேணாம். வெட்டிடுங்க."

அவள் அந்தத் துண்டை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். அவரையும் பார்த்தாள். "படம் நீளம்னு டைரக்டரும் பொலம்பிட்டுத்தான் இருக்கார்," என்று வெட்டிப் போட்டாள்.

படம் வெளியானது. அண்ணனும் தங்கையும் மத்தியான ஆட்டத்துக்குப் போனார்கள். கட்டில் காட்சியில் தூரத்தில் ஒரு போர்வை மேடு தெரிந்தது. அதுதான் மாமனார். அப்பாடா என்று மூச்சு விட்டார். மறு நொடியே திரை நிறைய மாப்பிள்ளையின் முகம். அதை அவர் யோசிக்கவே இல்லை.

'அழாதீங்க மாமா. நடிக்க முடியலன்னா விட்டுடுங்க. தங்கச்சிகிட்ட சொன்னா கடிச்சா தின்னுடுவாங்க?' என்றன மாப்பிள்ளையின் உதடுகள். அடுத்து, வசனம் என்று திரையில் எழுத்து வந்தது: 'உங்கள் மகளைக் கண்போலக் காப்பேன்!' கொட்டகை விம்மியது.

தங்கை சிரிக்கவில்லை. வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றியதும் திரும்பினாள்.

"நான் கடிச்சுத் தின்னுடுவேனா?"

"அப்படி இல்லம்மா... படம்னா உனக்கு அவ்வளவு இஷ்டமாச்சேன்னு..."

"படம் யாருக்கு வேணும்? சாயங்காலம் வர்ற, சாப்பிடற, செவுத்தப் பாத்துப் படுத்துக்கற. அந்தத் திரையிலதான் நீ வாயத் தெறக்கற. அதப் பாக்கத்தான் நான் போறேன்."

அவர் தலை குனிந்தார். அவள் அவருடைய மோவாயைப் பிடித்து நிமிர்த்தினாள்.

"முடியலம்மா," என்றார்.

"இதச் சொல்ல ஒரு கட்டில், ஒரு கேமரா, ஒரு மாப்பிள்ள, இவ்வளவும் வேணுமா உனக்கு?" முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, நாற்காலியை அவருக்கு எதிரே இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். "சரி, மீதியையும் சொல்லு."