பெயர் ஓடாத ஆறு நாள்

அன்று மாலை ஏழு மணிக்கு எங்கள் போடி வீட்டில் டிவி முன்னால் இருந்தவர்கள் ஐந்து பேர்: நான், என் மனைவி வேலுத்தாய், மகன் முத்துப்பாண்டி, சிலமலையிலிருந்து வந்திருந்த மைத்துனர் ஜக்கையன், சென்னையிலிருந்து லீவில் வந்திருந்த மகள் அனுப்பிரியா.

அனுப்பிரியா ஒன்பது வருடமாகப் படங்களுக்கும் சீரியல்களுக்கும் பின்னணி இசை அமைக்கிறாள். காட்சியில் ஒருவர் கதவைத் திறக்கும்போது நமக்குப் பயம் வருகிறதே, அந்தப் பயம் அவள் செய்வது. இதுவரை வேறொருவர் பெயரில் செய்தாள். அன்று தொடங்கிய புது சீரியலில் அவள் பெயரே வரும் என்று மற்ற மூவரும் காத்திருந்தார்கள். வராது என்று எனக்குத் தெரியும்.

தை மாதம் அவள் போனில் இதைச் சொன்னபோது, "நம்ம வீட்டுப் பேரு டிவியில ஓட வேணாம். என் இனிஷியல் இல்லாமப் போட்டுக்க" என்றேன். மூன்று தலைமுறையாக ஏலக்காய் வியாபாரத்தில் தலைநிமிர்ந்து நிற்கும் குடும்பம் எங்களுடையது.

"உங்க இனிஷியல் இல்லாம எனக்கு எதுக்குப்பா பேரு" என்றவள், பெயரே வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டாள்.

சீரியலில் ஒரு தாய் தனியே காத்திருக்கும் காட்சி. பின்னால் சரசரவென்று ஒரு சத்தம்.

"இது நம்ம ஏலக்கா ஸ்டோர்ல காய் சலிக்கிற சத்தம்ல?" என்றாள் வேலுத்தாய்.

"ஆமாம்மா. போன தடவ வந்தப்பப் பதிஞ்சுட்டுப் போனேன்."

முடிவில் பெயர்கள் ஓடின. கார் ஓட்டியவர் பெயர்கூட வந்தது.

முத்துப்பாண்டி எழுந்துவிட்டான். "ஏமாத்திட்டானுகளா? நம்பரக் கொடு, நான் பேசிக்கிறேன்."

"வேணாம்ண்ணே. அவுக மேல தப்பில்ல. அடுத்த சீரியலும் எனக்குத்தான் தந்திருக்காக. நீ கத்துனா அதுவும் போயிரும்."

"அப்ப யாரு மேல தப்பு?"

அவள் விளம்பரத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. அவன் அதற்குள் அவள் போனைக் கையில் எடுத்திருந்தான்.

"போன வையிடா. நான்தான் வேணாம்னேன்."

"மொதல்லயே சொல்லியிருந்தா அடுப்படியில சோலியாவது பாத்திருப்பேன்" என்றாள் வேலுத்தாய்.

ஜக்கையன் சிரித்தார். "கல்யாணப் பத்திரிகையில உங்க பேரச் சின்னதாப் போட்டதுக்கு எங்கூட மூணு வருசம் பேசாத ஆளாச்சே மச்சான் நீங்க."

நான் திரும்பி மகளிடம் கேட்டேன். "இப்ப மாத்த முடியுமா?"

"முடியும்ப்பா. ஒரு வாரம் ஆகும்."

"இனிஷியலோட போடச் சொல்லு."

ஏழாம் நாளிலிருந்து "பின்னணி இசை: சீ. அனுப்பிரியா" என்று ஓடுகிறது. சென்னைக்காரர்கள் அவள் பெயரை மறைத்ததாகவும், முத்துப்பாண்டி நேரில் போய்ச் சண்டை போட்டு வாங்கி வந்ததாகவும் ஏல மையத்தில் பேசிக்கொள்கிறார்கள். முத்துப்பாண்டி சென்னைக்குப் போகவில்லை. பெயரை மறைத்தவன் நான், சீனிச்சாமி.