உலகம்மாள் உள்ளே வரவில்லை

சுண்ணாம்பு வேலைக்கு வெயில் ஆகாது. காலை ஐந்தரைக்கே தொட்டியைக் கிளறிவிட வேண்டும். பழைய பூச்சைச் செதுக்கிப் புதுசாகப் பூசுகிற செக்ரட்டேரியட்டின் பின்பக்கம், இங்கே கர்க்கடகம் என்கிற ஆடி மாத மழை ஒழுகும் தார்ப்பாய்க்குக் கீழே நாலு தொட்டி. ஒரு வாரம் முன்னால் நீற்றிய சுண்ணாம்பு அதில் வெண்ணெயாகக் கிடக்கும். என் மதினி உலகம்மாள் அதில் மணலைக் கொட்டி, கடுக்காய் ஊறிய தண்ணீரை விட்டு, மண்வெட்டியால் புரட்டிப் புரட்டிக் கொடுப்பாள். கட்டி தட்டினால் கையால்தான் நசுக்க வேண்டும். கையுறை கொடுத்தார்கள், இல்லை என்று சொல்லவில்லை. எட்டு மாதத்துக்கு ஒரு ஜோடி. அது மூன்றாம் நாளே விரலிடுக்கில் கிழிந்துவிட்டது.

அவள் குழைத்ததை நான் சட்டியில் அள்ளிச் சாரம் ஏறுவேன். என் பெயர் சுடலைமாடத்தி. வள்ளியூர்ப் பக்கம். பத்தாவது வரைக்கும் படித்தேன், அந்தப் படிப்புக்கு இந்த மலையாளத்து ஊரில் கிடைத்தது இந்தச் சட்டிதான். மதினி என் அண்ணன் பெண்டாட்டி. அண்ணன் போய் ஆறு வருஷம் ஆகிறது. சாலைக் கம்போளம் என்கிற கடைத்தெருவுக்குப் பின்னால் ஒரே அறையில் நாங்கள் இரண்டு பேரும் என் மகளும் இருக்கிறோம்.

ரோட்டில் நின்று பார்க்கிறவர்களுக்கு இந்தக் கட்டடம் வெள்ளை வெளேரென்று நீளமாகத் தெரியும். நடுவில் முக்கோண முகப்பு, கீழே வரிசையாகத் தூண்கள். எங்களுக்குத் தெரிந்தது வேறு. எந்தத் தூணில் தட்டினால் பொக்கென்று சத்தம் வரும், எந்த விளிம்பில் மழைத்தண்ணீர் தேங்கி உள்ளே இறங்கும், எந்த இடத்தில் பின்னால் வந்தவன் சிமெண்டைப் பூசிச் சுவரை மூச்சு முட்ட வைத்திருக்கிறான் என்பதெல்லாம் எங்களுக்குத்தான் தெரியும்.

மேற்பார்வைக்கு வந்த இஞ்சினியர் ஸ்வப்னா மாடம் சின்ன வயசுக்காரி, தன்மையாகப் பேசுவாள். அவளுக்குக் கட்டடம் என்றால் உயிர். சாயா குடிக்கும் நேரத்தில் கதை சொல்வாள். ஆயிரத்து எண்ணூற்று அறுபத்தைந்தில் அஸ்திவாரம் போட்டதாம். நாலு வருஷத்தில் முடித்தார்களாம். அப்போது இதற்கு ஹஜூர்க் கச்சேரி என்று பெயராம். பார்ட்டன் என்று ஒரு வெள்ளைக்கார இஞ்சினியர், உத்தரவு கொடுத்த மகாராஜா, எதிரில் சிலையாக நிற்கிற திவான் என்று எல்லார் பெயரும் சொன்னாள். தூண் வைப்பது ரோமாபுரிப் பாணி என்றும், நடுவில் இருப்பது ராஜா தர்பார் நடத்திய மண்டபம் என்றும் சொன்னாள். கேட்க நன்றாகத்தான் இருந்தது. எனக்கு வாய் சும்மா இருக்குமா? அப்போது சுண்ணாம்பு குழைத்தது யார் மாடம், சாரத்திலிருந்து யாராவது விழுந்தார்களா என்று கேட்டேன். அவள், தான் படித்ததில் அதெல்லாம் இல்லை என்றாள். பொய் சொல்லாமல் சொன்னாளே என்று எனக்கு அவளைப் பிடித்துப் போயிற்று.

இனி எங்கள் தப்பைச் சொல்லிவிடுகிறேன்.

அரசாங்கத்தின் தலைமைக் கட்டடம் என்பதால் பாஸ் இல்லாமல் வாசலைத் தாண்ட முடியாது. பாஸ் வேண்டுமென்றால் மெஷினில் விரல் வைக்க வேண்டும். வருஷக்கணக்காகச் சுண்ணாம்பு குழைத்தவளுக்கு விரலில் ரேகை எங்கே இருக்கும்? மதினி ஐந்து விரலையும் மாற்றி மாற்றி வைத்தாள். மெஷின் சிவப்பு விளக்கையே காட்டியது. கொத்தனார் செல்லையாவுக்கும் அதே கதி. ஆக, பன்னிரண்டு பேருக்குப் பத்து பாஸ். ஆனால் சுண்ணாம்புப் பதம் தெரிந்தவள் மதினி ஒருத்திதான், அவள் இல்லாமல் வேலை நடக்காது. எங்கள் காண்டிராக்டர் வன்னியபெருமாள் அண்ணாச்சி, நம் ஊர்ப்பக்கத்து ஆள், சாலைக் கம்போளத்தில் இரும்புக்கடை வைத்திருக்கிறவர், எப்படியாவது உள்ளே கொண்டுவாருங்கள் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். அந்த 'எப்படியாவது'தான் எங்கள் வழக்கமானது. தினமும் யாராவது ஒருத்திக்குக் காய்ச்சலோ, வீட்டு வேலையோ, ஊர்ப்பயணமோ வரும். அவள் பாஸை மதினி கழுத்தில் மாட்டிக்கொள்வாள். ஆண்கள் பாஸ் செல்லையாவுக்கு. யாருக்கும் தடங்கல் இல்லாத நாளில் முறை வைத்து ஒருத்தர் வேலைக்கு வராமல் நிற்போம். பாஸில் இருக்கிற படத்தில் பெற்ற தாய்க்கே அடையாளம் தெரியாது, வாசல் போலீஸ்காரருக்கா தெரியப்போகிறது?

அன்று வியாழக்கிழமை. மகளின் பள்ளிக்கூடத்தில் கூட்டம், நான் போக வேண்டும். விடிகாலையில் என் பாஸை மதினி கழுத்தில் நானே மாட்டிவிட்டேன். நான் வராததால் சட்டி தூக்கவும் ஆள் குறைவு. குழைத்து முடித்ததும் அவளே சட்டியைத் தூக்கிக்கொண்டு மேலே போயிருக்கிறாள்.

அதற்கு முந்தைய வாரம்தான் இரும்புச் சாரத்தைக் கழற்றி, அண்ணாச்சி கழக்கூட்டத்தில் எடுத்திருந்த இன்னொரு வேலைக்கு லாரியில் ஏற்றினார்கள். பதிலுக்குச் சவுக்குக் கம்பும் பழைய கயிறும் வந்தது. மழையில் ஊறிய கயிறு ஆகாது என்று எங்கள் மூத்த கொத்தனார் இசக்கி அண்ணன் சொன்னார். ஸ்வப்னா மாடமும் சொன்னாள். ஓணத்துக்குக் கட்டடம் முழுக்க விளக்கு மாட்டுவார்கள், அதற்குள் முகப்பு வெள்ளையாக வேண்டும், அண்ணாச்சிக்கு அவ்வளவுதான் தெரிந்தது.

பதினோரு மணிக்கு இசக்கி அண்ணன் போன் செய்தார். நான் பள்ளிக்கூட பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். முடிச்சு நழுவி, மதினி பலகையோடு விழுந்திருக்கிறாள், ஒரு மாடி உயரம்.

ஆஸ்பத்திரியில் இடுப்பெலும்பு ஒடிந்தது என்றார்கள். தொடையிலும் முறிவு. இதையெல்லாம் விட ஒன்று என் நெஞ்சில் அடித்தது. கட்டில் தலைமாட்டுச் சீட்டில் என் பெயர் இருந்தது. தூக்கிக்கொண்டு போனபோது அவளுக்கு நினைவில்லை. கழுத்திலிருந்த பாஸைப் பார்த்து எழுதியிருக்கிறார்கள். நர்ஸ் வந்து "சுடலைமாடத்தி" என்று கூப்பிட்டாள். மதினி கண்ணை மூடிக் கிடந்தாள், நான் திரும்பினேன்.

ஆபரேஷன் செய்து தகடு வைக்க வேண்டும், ஒரு வாரத்துக்கு மேல் தள்ளினால் நடப்பது சந்தேகம் என்றார் டாக்டர். இலவசச் சிகிச்சைக்கு அவளிடம் கார்டு இருக்கிறது. அதில் உலகம்மாள். கட்டிலில் சுடலைமாடத்தி. பெயரைத் திருத்துங்கள் என்று கவுண்டரில் கேட்டேன். இது விழுந்த கேஸ், சம்பவம் நடந்த இடத்திலிருந்தோ போலீஸிடமிருந்தோ எழுத்து வேண்டும் என்றார்கள். அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை. யாரிடம் போய் என்னவென்று எழுதி வாங்குவேன்? எழுதினால் பாஸ் மாற்றியதை எழுத வேண்டும். மூன்று நாள் அந்த வராந்தாவில் நடந்தேன். என் பாஸை நானே மாட்டிவிட்ட கையை வெட்டிப் போடலாம் போல இருந்தது.

மூன்றாம் நாள் அண்ணாச்சி வந்தார், ஆரஞ்சுப் பழத்தோடு. வராந்தாவில் நானும் இசக்கி அண்ணனும் நின்றோம்.

"ஏ மாடத்தி, வியாழக்கெழம உள்ள போனது யாரு? நீ. ரிஜிஸ்டர்ல அப்படித்தான இருக்கு. நீ நல்லாத்தான நிக்க? அப்பம் அங்க ஒருத்தரும் விழல, கேட்டியா."

"மதினி இடுப்பு ஒடிஞ்சு கெடக்கா அண்ணாச்சி. விழாமலா ஒடிஞ்சுது?"

"சாலக் கம்போளத்துல நம்ம குடோன்ல ஏணியில இருந்து விழுந்தா. அவ பேருலயே எழுதித் தாறேன். கார்டும் பேரும் சரியாயிரும், நாளைக்கே ஆபரேஷன். அவள நான் பாத்துக்கிடுதேன்."

"இரும்புச் சாரத்த ஏன் அண்ணாச்சி கழத்துனீய?" என்றார் இசக்கி அண்ணன்.

அண்ணாச்சி அவரைப் பார்க்கவே இல்லை. என்னிடம்தான் சொன்னார்: "பாஸை மாத்துனது நானா? கவர்மெண்டு கட்டடத்துக்குள்ள அடுத்தவ பாஸ்ல ஆளு போயிருக்கு. நான் ஒரு போன் போட்டா பத்து பேரும் ஸ்டேஷன்ல இருப்பிய. உனக்குப் பொம்பளப்புள்ள இருக்கு, யோசிச்சுக்கோ."

நாளைக் காலையில் பேப்பரோடு வருவதாகவும், நான் அதில் கையெழுத்துப் போட்டால் போதும் என்றும் சொல்லிப் போனார்.

எனக்கு வன்னியராஜ் ஞாபகம் வந்தது. இரண்டு வருஷத்துக்கு முன்னால் இதே அண்ணாச்சி வேலையில் கால் நசுங்கியவர். அவரிடமும் ஒரு பேப்பர் வந்தது, பார்த்துக்கொள்கிறேன் என்ற வார்த்தையும் வந்தது. மூன்று தடவை பழத்தோடு வந்த மனிதர் நாலாவது தடவை வரவில்லை. வன்னியராஜ் இப்போது பழவங்காடிக் கோயில் முக்கில் கம்பை ஊன்றி நின்று லாட்டரிச் சீட்டு விற்கிறார்.

ஆனாலும் நான் கையெழுத்துப் போடத்தான் இருந்தேன். ஒளிப்பானேன்? அவள் நடக்க வேண்டும், எனக்கு அது போதும். உள்ளே போய் மதினியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். குடோன் என்று எழுதிவிடுவோம் என்றேன்.

"அப்பம் நான் அங்க போவவே இல்லையா ஏட்டி?" என்றாள். "எட்டு மாசம் அந்தச் சுண்ணாம்ப யாரு கொழைச்சா?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. அவளும் அழுதாள், இடுப்பு அசைந்து வலித்ததும் நிறுத்திக்கொண்டாள். கையெழுத்துப் போடாதே என்றாள். நொண்டி ஆனாலும் ஆகட்டும் என்றாள்.

அன்று சாயங்காலம் எங்கள் அறையில் பதினோரு பேரும் கூடினோம். நானே பாஸ் கொடுத்தேன் என்று நான் மட்டும் போய் எழுதிக் கொடுக்கிறேன், வருவது என்னோடு போகட்டும் என்றேன். இசக்கி அண்ணனுக்குக் கோபம் வந்துவிட்டது. பங்குனியில் தன் பாஸில் செல்லையா போன நாட்களை வரிசையாகச் சொன்னார். பிறகு ஒவ்வொருவராகச் சொன்னார்கள், யார் பாஸ், எந்த நாள், என்ன காரணம் என்று. கொடுக்காதவர் ஒருத்தர்கூட இல்லை. கொண்டுவரச் சொன்னது அண்ணாச்சி என்பதையும் எழுது என்றார்கள். நான் மகளின் நோட்டில் எழுதினேன். எங்களோடு சட்டி தூக்கும் கலைச்செல்வி மட்டும் கையெழுத்துப் போடவில்லை. இரண்டு சின்னப் பிள்ளை, குடிகார வீட்டுக்காரன், எனக்கு ஸ்டேஷன் வாசல் வேண்டாம் அக்கா என்று எழுந்து போய்விட்டாள். யாரும் அவளை ஒன்றும் சொல்லவில்லை. நாங்கள் மட்டும் என்ன தைரியசாலிகளா?

மறுநாள் அண்ணாச்சி நீட்டிய பேப்பரை வாங்காமல் திருப்பி அனுப்பினேன். நேராக ஸ்வப்னா மாடத்திடம் போய், நாங்கள் எழுதியதை மலையாளத்தில் எழுதித் தரக் கேட்டேன். கம்பெனிப் பேப்பரில் முடியாது, கையெழுத்தும் போட மாட்டேன், என் வேலை போய்விடும் சேச்சி என்றாள். ஆனால் உட்கார்ந்து எழுதினாள். முடித்ததும் வாசித்துக் காட்டச் சொன்னேன். அதில் நான் சொல்லாத ஒரு வரி இருந்தது, இரும்புச் சாரம் கழற்றப்பட்ட தேதியும் லாரி போன இடமும். அவளுக்கு அதற்கு மேல் முடியவில்லை, எனக்குப் புரிந்தது.

ஐந்தாம் நாள் காலை ஐந்தரைக்கு வழக்கம்போல வாசலுக்குப் போனோம். மழை விட்டிருந்தது. போலீஸ்காரர் மேஜையில் பாஸ்களைக் கழற்றி வைத்தோம், மேலே கடிதத்தை வைத்தோம். ஒன்பது பாஸ். கலைச்செல்வியுடையது இல்லை. அவர் கடிதத்தை வாசித்தார், எங்களைப் பார்த்தார், மறுபடி வாசித்தார். இதை வாங்க எனக்கு அதிகாரமில்லை, பெரியவர் பத்தரைக்குத்தான் வருவார் என்றார். பிறகு மெதுவாக, "இதெழுதினா நிங்ஙளாணு பிரதி, மனசிலாயோ?" என்றார். நாங்கள்தான் குற்றவாளி ஆவோம் என்கிறார். மனசிலாயி சார் என்றேன்.

உள்ளே போகவும் இல்லை, வீட்டுக்குப் போகவும் தெரியவில்லை. சுற்றிக்கொண்டு முன்பக்க நடைபாதைக்கு வந்தோம். அங்கே எப்போதும் யாராவது சமரம் என்று போராட்டத்தில் உட்கார்ந்திருப்பார்கள். அன்று பள்ளிக்கூடங்களில் சோறு சமைக்கிற பெண்கள் பந்தல் போட்டு இருபத்திரண்டாவது நாளாக உட்கார்ந்திருந்தார்கள். எங்களுக்குப் பந்தலும் இல்லை, கொடியும் இல்லை. ஈரத் தரையில் குந்தினோம். சற்று நேரத்தில் கலைச்செல்வி சின்னதை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தாள். பாஸை வாசலில் வைத்துவிட்டேன் அக்கா என்று சொல்லி என் பக்கத்தில் உட்கார்ந்தாள். எனக்கு அவள் கையைப் பிடித்துக்கொள்ளத்தான் தோன்றியது.

எட்டு மணிக்கு இசக்கி அண்ணன் போனில் அண்ணாச்சி கத்தினார். வேலைக்குப் புது ஆள் இறக்குகிறேன், ஒருத்தனும் இனி இந்த ஊரில் சட்டி தூக்க முடியாது என்றார். அவரால் முடியும், அது எங்களுக்குத் தெரியும். இசக்கி அண்ணன் போனைக் காதிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். ஆஸ்பத்திரியில் அன்று ஐந்தாவது நாள், இன்னும் இரண்டு நாள்தான் இருக்கிறது என்று நான் மனசுக்குள் சொல்லிக்கொண்டேன்.

பந்தலிலிருந்து ஒரு அம்மா எழுந்து வந்தாள். ஐம்பது வயசிருக்கும், கையில் தீக்காயத் தழும்பு. தரை நனைந்திருக்கிறது என்று சொல்லி, அவர்கள் பாயின் ஒரு பாதியை எங்கள் பக்கம் இழுத்துப் போட்டாள். எங்கிருந்து வருகிறீர்கள் என்று கேட்டாள். பின்னால் இருந்த கட்டடத்தைக் காட்டினேன்.

"எந்தா நிங்ஙளுடெ ஆவஸ்யம்?" என்றாள். எங்கள் கோரிக்கை என்ன என்று கேட்கிறாள்.

இழப்பீடு, சாரம், கேஸ், பாஸ் எல்லாம் தலைக்குள் ஓடியது. எல்லாமே வேண்டும்தான். ஆனால் வாயில் வந்தது வேறு.

"எங்க மதினிக்கு அவ பேரு வேணும்மா."

அவளுக்குப் புரிந்ததா என்று தெரியவில்லை. தங்கள் கோரிக்கைத் தட்டியொன்றின் பின்பக்கத்தைத் திருப்பி, தடித்த பேனாவைத் திறந்து, பெயரைச் சொல்லு என்றாள். நான் சொன்னேன். எழுத்து எழுத்தாகக் கேட்டு மலையாளத்தில் பெரிதாக எழுதினாள். பிறகு பேனாவை என்னிடம் நீட்டி, கீழே உன் பாஷையிலும் எழுது என்றாள். எழுதினேன். செல்லையா அதை வாங்கி, கட்டடத்தைப் பார்த்து உயர்த்திப் பிடித்தார். சோறு சமைக்கிற பெண்கள் முதலில் அந்தப் பெயரைத் தப்பாகச் சொன்னார்கள். நாங்கள் திருத்தினோம். இரண்டாம் தடவை சரியாகச் சொன்னார்கள், எல்லாரும் சேர்ந்து, சத்தமாக.

பத்தரை ஆயிற்று. பெரியவர் கார் உள்ளே போனது. எங்களை யாரும் கூப்பிடவில்லை. நாங்கள் எழுந்திருக்கவும் இல்லை.