மூணாவது பாட்டில் டயர் கடைச் சத்தம்

"ஆல்பத்துக்கு விலையே வெக்க வேண்டாம். கேக்குறவங்க மனசுக்கு என்ன தோணுதோ குடுக்கட்டும். ஒண்ணும் தோணலேன்னா சும்மா எடுத்துக்கட்டும்."

இதைச் சொன்னபோது பாடகன் முகத்தில் ஒரு வெளிச்சம். அப்பாவுக்கு மூன்று மாடியில் மரச்சாமான் கடை இருக்கும் பிள்ளைகளுக்கு மட்டும் வருகிற வெளிச்சம் அது என்று இடி நினைத்தாள்.

இடி என்பது அவள் டிரம்ஸ் வாசிப்பதால் வந்த பெயர். பேச்சும் அதே மாதிரி என்பதால் ஒட்டிக்கொண்டது. அவர்கள் இசைக்குழுவில் மொத்தம் மூன்று பேர். பாடகன் கிதாரும் வாசிப்பான். பேஸ் கிதார் வாசிப்பவன் எப்போதும் கம்மென்று இருப்பதால் கம்மு. ஒரு டயர் கடைக்கு மேலே, சுவரெல்லாம் பழைய மெத்தைகளைச் சாத்திய அறை ஒன்றில் பயிற்சி. எத்தனை ஊதுபத்தி கொளுத்தினாலும் ரப்பர் வாடை போகாது.

"இதுல என்னடா புதுசு?" என்றாள் இடி. "எங்கம்மா கல்யாணம் ஆன நாள்லேர்ந்து இதத்தான் பண்றாங்க."

அவள் அம்மா வீட்டிலேயே தைப்பவள். பேண்ட் உயரம் குறைப்பது, ஜிப் மாற்றுவது, கிழிசல் தைப்பது. எவ்வளவு என்று கேட்டால் மெஷினைப் பார்த்துக்கொண்டே, "பாத்துக் குடுங்க" என்பாள். வந்தவர்களும் பார்ப்பார்கள். பர்ஸைப் பார்ப்பார்கள், மணியைப் பார்ப்பார்கள். தையலை மட்டும் பார்க்கமாட்டார்கள். அப்படி விழுந்த சில்லறையில் படித்துத்தான் அந்த வீட்டில் முதல் பட்டதாரியாக வந்து நின்றாள் இவள். தோன்றியதைக் கொடுக்கச் சொன்னால் மனுஷனுக்கு என்ன தோன்றும் என்று அவளுக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை.

"ஓட்டுப் போடலாம்" என்றான் பாடகன். கம்மு சத்தமில்லாமல் கையைத் தூக்கினான், பாடகன் பக்கம்.

"துரோகி" என்றாள் இடி. "சரி, என் கணக்கையும் கேட்டுக்கங்க. வெளியூர்ல ஒரு இன்சூரன்ஸ் கம்பெனில வேல கெடச்சிருக்கு. அடுத்த வெள்ளிக்கிழமை சாயங்காலத்துக்குள்ள பதில் சொல்லணும். அதுக்குள்ள என் பங்கு ஆறு மாச வீட்டு வாடகைக்கு வந்துச்சுன்னா இருக்கேன். வரலேன்னா மூட்டையக் கட்டறேன். அப்புறம் வாசல்ல நின்னு அழக்கூடாது."

ஆல்பம் இணையத்தில் ஏறியது. முதல் சில நாட்கள் பாராட்டு மழைதான். ஒருவர் 'உயிரையே உருவிட்டீங்க' என்று எழுதியிருந்தார். கொடுத்த தொகை சைபர்.

"உயிர உருவினதுக்கு ஒரு டீக்காசு கூடவா இல்ல?" என்று இடி போனைப் பார்த்துக் கத்தினாள்.

செவ்வாய்க்கிழமையிலிருந்து காற்று மாறியது. பெரிய தொகைகள் வர ஆரம்பித்தன. காலையில் நாலைந்து, மாலையில் நாலைந்து. பாடகன் அறைக்குள் குதித்தான். கம்முகூடப் பல் தெரியச் சிரித்தான். "பாத்தியா? ஜனங்கள நம்பணும்!"

இடி நம்பவில்லை. நல்லது நடந்தால் சந்தேகப்படுவது அவள் குடும்ப வழக்கம். கல்லூரியில் உதவித்தொகை வந்த அன்று, "யாரோடதோ தப்பா வந்துடுச்சு, செலவு பண்ணிடாதடி" என்று சொன்ன அம்மாவின் பெண் அவள். வந்த தொகைகளைத் திரும்பத் திரும்பப் பார்த்தாள். எல்லாம் ஒரே அச்சில் வார்த்த மாதிரி இருந்தன. கூடவே ஒரு வார்த்தை கிடையாது. ஓசியில் எடுத்துக்கொண்டவன் பக்கம் பக்கமாக எழுதுகிறான், அள்ளிக் கொடுத்தவன் 'நல்லா இருக்கு' என்றுகூடச் சொல்லவில்லை. எங்கேயோ இடிக்கிறது.

மறுநாள் காலை யாரிடமும் சொல்லாமல் ஒரு காரியம் செய்தாள். போனை ஜன்னலுக்கு வெளியே நீட்டிக் கீழே டயர் கடையைப் பதிவு செய்தாள். காற்று அடிக்கும் மெஷினின் சீறல், தரையில் ஸ்பேனர் விழும் சத்தம், "அந்த நட்ட எங்கடா போட்ட?" என்று கடைக்காரர் யாரையோ திட்டுவது எல்லாம் அதில் இருந்தது. ஆல்பத்தின் மூணாவது பாட்டைத் தூக்கிவிட்டு அந்த இடத்தில் இதை வைத்தாள். இனி புதிதாக எடுப்பவர்களுக்கு இதுதான் கிடைக்கும். கேட்டவன் வாயைத் திறப்பான், கேட்காதவன் மாட்டுவான்.

மதியத்துக்குள் புகார்கள் வந்தன. 'காசு குடுக்காத எனக்குக் கேக்க உரிமை இல்ல, ஆனா மூணாவது பாட்டு எங்கங்க?' என்று ஒருவர். 'இது புது முயற்சியா? புரியல, ஆனா அந்த நட்டு கெடச்சுதா?' என்று இன்னொருவர். எல்லாரும் சைபர் பார்ட்டிகள், இல்லையென்றால் பஸ் டிக்கெட் காசு போட்டவர்கள். அன்றும் மறுநாளும் பெரிய தொகை போட்ட அத்தனை பேரும் வாயைத் திறக்கவில்லை.

வெள்ளிக்கிழமை காலை அந்தப் பெரிய தொகைக்காரர்களின் மெயில் முகவரிகளை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். எல்லாம் தெரியாத பெயர்கள். ஒருவர் மட்டும் அவசரத்தில் சொந்த மெயிலுக்குப் பதிலாக ஆபீஸ் மெயிலைப் போட்டிருந்தார். மரச்சாமான் கடை, பில்லிங் கவுண்டர்.

பாடகன் அறைக்குள் நுழைந்ததும் போனை அவன் மூக்குக்கு நேராக நீட்டினாள். "எனக்கு நீ விலை போட்டியா?"

"என்ன ஒளர்ற?"

"நான் போயிடக் கூடாதுன்னு உங்கப்பன் காச எடுத்து எங்கிட்டயே ஜனங்க காசுன்னு காட்டுனியா? பிச்சையா?"

அவன் மெயிலைப் படித்தான். முகத்தில் இருந்த வெளிச்சம் அணைந்தது. "எனக்குத் தெரியாதுடி, சத்தியமா."

"உன் சத்தியத்த நீயே வெச்சுக்க. வண்டிய எடு."

கடையில் பில்லிங் கவுண்டரில் இருந்த அக்கா ஒளிக்கத் தெரியாதவள். "ஆமாம்பா, முதலாளி எங்க எல்லார் கணக்குலயும் காசு போட்டு, இந்த லிங்க்ல அனுப்புங்கன்னாரு. அனுப்புனோம். ஒரே நாள்ல அனுப்பாதீங்க, பிரிச்சுப் பிரிச்சு அனுப்புங்கன்னாரு. ஏன், வந்து சேரலையா?"

"பாட்டு கேட்டீங்களாக்கா?" என்றாள் இடி.

அக்கா விழித்தாள். "பாட்டா? அதுல பாட்டு வேற இருக்கா?"

பாடகனுக்குக் காது மடல் சிவந்தது. அவன் நடிக்கவில்லை என்று இடி நம்பினாள். முழுசாக இல்லை, முக்கால்வாசி.

முதலாளி ஒரு புதுச் சோபாவில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார். மாட்டிக்கொண்ட கூச்சமே இல்லை. "வாம்மா, உக்காரு. கவர் பிரிக்கல, பரவால்ல உக்காரு."

"ஏம்ப்பா இப்படிப் பண்ணீங்க?" என்றான் மகன்.

"நீ ஒருநாள் இங்கதான வரப்போற? தோத்துட்டு வந்தவன கவுண்டர்ல உக்கார வெச்சா, கட்டில் வாங்க வர்றவன் துக்கம் விசாரிச்சுட்டுப் போவான். ஜெயிச்சு, அலுத்து, நீயா வரணும். அதுக்குக் கொஞ்சம் செலவாகும். சோபாவுக்கு விளம்பரம் பண்றதில்லையா?"

"ஒரு பாட்டாவது கேட்டீங்களா சார்?" இடி உட்காரவில்லை.

"கேக்கணும்மா. எங்க நேரம்?"

"எங்கம்மாகிட்ட வர்றவங்க கம்மியா குடுத்துட்டுத் தையலப் பாக்காம போவாங்க. நீங்க நெறைய குடுத்துட்டுப் பாக்காம போறீங்க. அவ்ளோதான் வித்தியாசம். உங்க காசு திரும்பி வந்துடும்."

அவர் சிரித்தார். "கோவக்காரப் பொண்ணு. எங்க கடைல சேல்ஸுக்கு வர்றியா?"

அவள் படியிறங்கினாள்.

அறைக்குத் திரும்பினார்கள். கம்மு தரையில் உட்கார்ந்து பேஸின் கம்பியைத் துடைத்துக்கொண்டிருந்தான். நடந்ததைக் கேட்டுவிட்டு அடுத்த கம்பிக்குப் போனான். கடைக் காசைக் கழித்துப் பார்த்தால், மிச்சம் இருந்தது இந்த மாசக் கரண்ட் பில்லுக்கே காணாது.

பாடகன் சுவரில் சாய்ந்து நின்றான். "போயிடுவல்ல?"

அவள் மூணாவது பாட்டை அதன் இடத்தில் திருப்பி வைத்தாள். புகார் சொன்ன ஒவ்வொருவருக்கும் 'தப்பு எங்கள் பக்கம், இப்போது கேளுங்கள்' என்று எழுதினாள். அந்த வாரத்தில் அவள் பல்லைக் கடிக்காமல் செய்த வேலை அது ஒன்றுதான்.

சாயங்கால வெயில் மெத்தைகளின் மேல் ஏறிக்கொண்டிருந்தபோது போன் அதிர்ந்தது. யாரோ பணம் போட்டிருந்தார். ஒரு கணக்கிலும் சேராத சில்லறைத் தொகை. கையில் இருந்ததை எண்ணிப் போட்ட மாதிரி. கூடவே ஒரு செய்தி: 'மொதல்ல சும்மா எடுத்தேன். இப்ப பாட்டு வந்துடுச்சு. நிறைய தடவ கேட்டேன். நடுவுல பாடறவர் நிறுத்தி மறுபடி எடுக்குற எடத்துல டிரம்ஸ் முந்திக்கிட்டு ஓடுது. என்ன அவசரம்?'

இடிக்குச் சுர்ரென்று ஏறியது. மெயிலைப் பார்த்தாள். கடை இல்லை. கம்முவைப் பார்த்தாள். "நீயாடா?"

"நான் இல்ல" என்றான் கம்மு. சற்று யோசித்தான். "ஆனா ரொம்ப நாளா சொல்லணும்னு இருந்தேன். பயமா இருந்துச்சு."

பாடகன் ஷூ லேஸைக் கட்டுகிற மாதிரி குனிந்துகொண்டான். லேஸ் அவிழ்ந்திருக்கவில்லை.

"உனக்கும் தெரியுமா?"

"கொஞ்சம்... கொஞ்சமாத்தான் ஓடுது" என்றான் குனிந்தபடியே.

ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு அந்த இடத்தைப் போட்டுக் கேட்டாள். மறுபடி கேட்டாள். நாசமாய்ப் போக, ஓடத்தான் செய்தது. முகம் தெரியாத எவனோ, எவளோ, சில்லறையை எண்ணிப் போடுவதற்கு முன்னால் தையலைப் பிரித்துப் பார்த்திருக்கிறார்கள்.

போனை எடுத்தாள். இன்சூரன்ஸ் கம்பெனிக்கு எழுதிவைத்திருந்த மெயிலைத் திறந்து, 'வேலையில் சேருகிறேன்' என்ற வரியை ஒருமுறை படித்துவிட்டு அனுப்பினாள். பாடகன் கண்ணை மூடிக்கொண்டான்.

"அழக்கூடாதுன்னு சொன்னேன்ல. சனி ஞாயிறு பஸ் ஏறி வருவேன். இந்தப் பாட்ட மறுபடி பதிவு பண்றோம். அதுக்கப்புறம் வெலைய நாம சொல்றோம். யார் மனசுக்கும் ஒண்ணும் தோண வேண்டாம்."

"எவ்வளவு சொல்றது?"

"இந்தாளு போட்டதுதான் வெல."

"அது ஏன் அவ்ளோ கம்மியா..."

"இது ஒண்ணுதான் கேட்டுட்டுக் குடுத்த காசு." அவள் டிரம்ஸுக்குப் பின்னால் போய் உட்கார்ந்தாள். "நடுவுல நிறுத்துவல்ல, அந்த எடத்துலேர்ந்து எடு."

பாடகன் கிதாரை மாட்டினான். குச்சியை ஓங்கியவள் பாதியில் நிறுத்திக் கம்முவை முறைத்தாள். "இந்தத் தடவ ஓடினா அப்பவே சொல்லு. வாய என்ன வாடகைக்கா விட்டுருக்க?"

பாட்டு தொடங்கி நாலு அடி போயிருக்காது.

"ஓடுது" என்றான் கம்மு.