தேதி போடாத கடிதம்

சட்டமன்றத்தின் கண்ணாடிக் கதவு செவரினஸுக்குத் திறக்கவில்லை. கழுத்தில் தொங்கிய உறுப்பினர் அட்டையைக் கதவோரக் கறுப்புப் பெட்டியில் மூன்று தடவை ஒற்றிப் பார்த்தார். மூன்று தடவையும் சிவப்பு விளக்குதான் எரிந்தது. அட்டையைச் சட்டையில் நன்றாகத் துடைத்துவிட்டு நான்காவது தடவையும் ஒற்றினார். பதினான்கு வருடமாக அவரைக் கண்டதும் எழுந்து நிற்கும் அவைக் காவலர் ஜும்லி இன்றைக்கும் எழுந்துதான் நின்றார். ஆனால் கதவைத் திறந்துவிட வரவில்லை.

"மெஷின் கெட்டுப்போச்சா ஜும்லி?"

"மெஷின் நல்லாத்தான் இருக்கு ஒய்பி." சட்டமன்ற உறுப்பினரை அங்கே எல்லாரும் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

"அப்புறம் என்ன?"

ஜும்லி மேசைமேல் கிடந்த தாளை ஒரு முறை பார்த்தார். ஏற்கெனவே பல முறை படித்த தாள் என்பது அதன் கசங்கலிலேயே தெரிந்தது.

"காலையில சபாநாயகர் ஆபீஸ்லேர்ந்து லிஸ்ட் வந்துச்சு. லிந்தோயன் தொகுதிக்கு நேரா 'காலியிடம்'னு போட்டிருக்கு. நீங்க நேத்தே ராஜினாமா பண்ணிட்டீங்களாம்." கொஞ்சம் தயங்கினார். "எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் ஒய்பி. இத்தனை வருஷப் பழக்கம்."

அவருக்கு உண்மையிலேயே மனத்தாங்கல்தான்.

நேற்று செவரினஸ் ராஜினாமா எதுவும் செய்யவில்லை. நேற்று முழுக்க லிந்தோயன் ஆற்றங்கரையில் இருந்தார். ஆற்றின் குறுக்கே அணை கட்ட நான்கு கிராமங்களை அரசு எடுத்துக்கொள்ளும் மசோதா இன்றைக்குப் பதினோரு மணிக்கு வாக்கெடுப்புக்கு வருகிறது. அவையில் மொத்தம் நாற்பத்தோரு பேர். இருபது பேர் ஆதரவு, இருபது பேர் எதிர்ப்பு. மிச்சம் இருப்பது அவர் ஒருவர். ஆளுங்கட்சிக்காரராக இருந்தும், கிராமத்துக் கூடத்தில் எல்லாருக்கும் முன்னால் நின்று, "என் ஓட்டு அணைக்கு எதிராத்தான்" என்று சொல்லிவிட்டு வந்திருந்தார். கைதட்டல் எதுவும் எழவில்லை. அந்த ஊரில் முக்கியமான பேச்சுக்கு யாரும் கைதட்டுவதில்லை. ஒருவர் மட்டும் எழுந்து வந்து அவர் தட்டில் இன்னொரு துண்டு ஆற்று மீனை வைத்துவிட்டுப் போனார்.

ஜும்லி சொல்லி முடிப்பதற்குள் செவரினஸுக்குப் புரிந்துவிட்டது. அவர் ராஜினாமா செய்தது நேற்றில்லை. பல வருடங்களுக்கு முன்பே செய்து கொடுத்துவிட்டார். தேதி மட்டும்தான் நேற்றையது.

பதினேழு வருடங்களுக்கு முன்னால் அவர் கட்சியின் அமைப்புச் செயலாளராக இருந்தார். பள்ளிக்கூட வாத்தியார் வேலையை விட்டு, ஒலிபெருக்கி கட்டிய வண்டியில் மலைப்பாதையெல்லாம் சுற்றி, படிப்படியாக அந்த நாற்காலிக்கு வந்திருந்த சமயம். அப்போது ஒரே வாரத்தில் ஆறு உறுப்பினர்கள் எதிர்முகாமுக்குத் தாவினார்கள். ஆட்சி கவிழ்ந்தது. டத்தோ பட்டம் பெற்ற கட்சித் தலைவர் ரூபர்ட் வீட்டு மதில் முழுக்க யாரோ பச்சைப் பெயிண்டில் தவளைகளாக வரைந்து வைத்தார்கள். டத்தோ அந்த மதிலை வெள்ளையடிக்க விடவில்லை. செவரினஸைக் கூப்பிட்டு அதைக் காட்டினார். "இனிமே ஒரு தவளை தாவக் கூடாது. நீ வாத்தியாரா இருந்தவன், நல்லா எழுதுவ. ஏதாவது எழுதிக் கொண்டா."

செவரினஸ் எழுதினார். 'கீழே கையொப்பமிட்டுள்ள நான், யாருடைய வற்புறுத்தலும் இன்றி, என் சொந்த விருப்பத்தின்பேரில், சட்டமன்ற உறுப்பினர் பதவியிலிருந்து விலகுகிறேன். இக்கடிதம் சபாநாயகரின் கையில் கிடைத்த கணத்திலிருந்து இது செல்லும். பின்னர் இதைத் திரும்பப் பெற எனக்கு உரிமை இல்லை.' தேதிக்கு மட்டும் ஒரு கோடு. தேர்தலில் நிற்கக் கட்சிச் சின்னம் வேண்டும் என்றால் முதலில் இதில் கையெழுத்து. ஓட்டல் கூடத்தில் வரிசையாக நின்று கையெழுத்துப் போட்டார்கள். பக்கத்து மேசையில் காப்பியும் பொரித்த வாழைப்பழமும் இருந்தன. "கல்யாணத்துக்கு முன்னாடியே விவாகரத்துப் பத்திரமா செவரினஸ்?" என்று ஒருவர் கேட்டதற்குக் கூடமே சிரித்தது. மூன்று வருடம் கழித்துச் செவரினஸே வேட்பாளரானபோது அவரும் வரிசையில் நின்றார். தன் வாசகத்தைத் தானே படித்துப் பார்த்தபோது கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

அந்தக் கடிதங்களில் ஒன்றே ஒன்றுதான் அதுவரை வெளியே எடுக்கப்பட்டிருந்தது. கடற்கரைத் தொகுதிக்காரர் லிகுன்சாங் கட்சிக்கு எதிராகப் பேசினார் என்று அவருடைய கடிதத்தில் தேதி போட்டார்கள். போட்டது செவரினஸின் பேனா. லிகுன்சாங் அப்போது ஆஸ்பத்திரியில் படுத்திருந்தார். அங்கிருந்தே போன் செய்தார். "இன்னைக்கு நான் ராஜினாமா பண்ணேனாமே, எனக்கு ஞாபகமே இல்லையேப்பா," என்று சிரித்தார். சிரித்து முடித்தும் போனை வைக்கவில்லை. செவரினஸும் வைக்கவில்லை. கடைசியில் தொடர்பு தானாகவே அறுந்துபோயிற்று.

இப்போது அவர் வாசல் தூணோரம் நின்று டத்தோ ரூபர்ட்டை அழைத்தார்.

"டத்தோ, நான் வெளிய வாசல்ல நிக்கிறேன்."

"தெரியும்பா. காலையில சாப்பிட்டியா?"

"அணை வேணாம்னுதானே சொன்னேன் டத்தோ. கட்சிய விட்டுப் போறேன்னு சொல்லலையே. நான் தவளை இல்ல."

"நீ தவளைன்னு எவன்பா சொன்னான்?" டத்தோவின் குரலில் கோபமே இல்லை. "ஆனா நீ எழுதினதுல தவளைக்கு ஒண்ணு, மத்தவனுக்கு ஒண்ணுன்னு பிரிச்சு வைக்கலையே. இன்னைக்கு மறுபடி படிச்சுப் பாத்தேன். எங்கயும் ஒரு ஓட்டை இல்ல. இந்த மாதிரி எழுத இப்ப கட்சியில ஆளே இல்ல செவரினஸ்."

அது கேலி இல்லை. மனசாரச் சொன்ன பாராட்டு. செவரினஸ் போனை வைத்தார்.

வக்கீலை அழைத்தார். வக்கீல் உற்சாகமாக இருந்தார். "தாராளமா கேஸ் போடலாம். ஜெயிக்கிறதுக்கும் சான்ஸ் இருக்கு. ஒண்ணரை வருஷம் ஆகும்."

"ஓட்டெடுப்பு பதினோரு மணிக்கு."

"இன்னைக்கா?"

"இன்னைக்கு."

மணி ஒன்பதே முக்கால்.

அந்த நேரத்தில்தான் லிந்தோயன் பஸ் வந்து நின்றது. விடியும் முன்பே புறப்பட்டு, மலையிறங்கி வந்த பஸ். முப்பத்திரண்டு பேர் இறங்கினார்கள். எல்லாரும் தங்க நாடா தைத்த கறுப்பு வெல்வெட் உடுப்பில் இருந்தார்கள். அறுவடைத் திருவிழாவுக்கும் கல்யாணத்துக்கும் மட்டும் பெட்டியிலிருந்து எடுக்கிற உடுப்பு. முன்னால் கிராமத் தலைவர் மொஜுந்தின் வந்தார். பக்கத்திலேயே சும்புய். ஊரில் ஆண்களையே அதட்டுகிற பெண்பிள்ளை. கையில் ஒரு பிளாஸ்டிக் டப்பா.

"ஒய்பி, உங்க வாசல்காரன் என் காட்டு இஞ்சி ஊறுகாய உள்ள விடமாட்டேங்கிறான்," என்றாள் சும்புய். "நாத்தம் அடிக்குதாம். உள்ள இருக்கிறவங்கள விடவா?"

எல்லாரும் சிரித்தார்கள். செவரினஸும் சிரித்தார். சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தார். அதற்குள் மொஜுந்தின் அவர் டையைச் சரிசெய்துவிட்டார். "நீங்க முன்னாடி போங்க ஒய்பி. நாங்க மாடியில உக்காந்து பாக்குறோம். எந்த நாற்காலி உங்களுது? காட்டிட்டுப் போங்க, இவங்களுக்கு அடையாளம் தெரியணும்."

"நானும் உங்க கூடவே வர்றேன் அங்கிள்."

பார்வையாளர் வரிசையில் அவரும் நின்றார். ஜும்லி தலையைக் குனிந்துகொண்டே எல்லாருக்கும் ஆரஞ்சு நிற அட்டைகளைக் கொடுத்தார். அவருக்குக் கிடைத்தது இருபதாம் எண்.

பார்வையாளர் மாடத்தின் முன்னால் தரையிலிருந்து கூரைவரை கண்ணாடி. கீழே அவை ஒரு பெரிய மீன்தொட்டிபோல நீலமாகத் தெரிந்தது. பேச்செல்லாம் ஒலிபெருக்கி வழியாக, பேசுகிறவரின் வாயசைவுக்கு அரைக் கணம் பிந்தி வந்தது. இத்தனை வருடமாக உள்ளேயே இருந்தவருக்கு வெளியிலிருந்து இப்படித் தெரியும் என்பது இன்றைக்குத்தான் தெரிந்தது. அவருடைய நாற்காலியில் யாரோ கோப்புகளை அடுக்கி வைத்திருந்தார்கள்.

"கீழ ஒருத்தன் தூங்குறான் பாரு," என்று சும்புய் பின்வரிசைக்குச் சொன்னாள். "மூணாவது வரிசை, வழுக்கை."

"அவன் நம்ம பக்கமா, அவங்க பக்கமா?"

"தூங்குறவன் எந்தப் பக்கமா இருந்தா என்ன?"

மொஜுந்தின் சிரிக்கவில்லை. செவரினஸின் மார்பில் தொங்கிய ஆரஞ்சு அட்டையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஒய்பி, இது எங்களுக்குக் குடுத்ததாச்சே. உங்களுக்கு எதுக்கு?"

செவரினஸ் சொன்னார். தணிந்த குரலில், ஊர்ப் பேச்சான டூசுன் மொழியில், பாடம் நடத்துவதுபோல ஒவ்வொன்றாகச் சொன்னார். மொஜுந்தின் கடைசிவரை குறுக்கே பேசாமல் கேட்டார்.

"நான் ராஜினாமா பண்ணலன்னு இங்கேர்ந்தே சத்தம் போட்டுச் சொல்லுங்க."

"கையெழுத்து என்னுது அங்கிள்."

"என்ன எழுதியிருக்குன்னு படிக்காம எதுக்குக் கையெழுத்துப் போட்டீங்க?"

"எழுதினதே நான்தான்."

மொஜுந்தின் அவரை ஏற இறங்கப் பார்த்தார். திட்டுவார் என்று செவரினஸ் எதிர்பார்த்தார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் திரும்பி, பக்கத்தில் இருந்தவர் காதில் இரண்டு வார்த்தை சொன்னார். அது அங்கிருந்து அடுத்த காதுக்குப் போய், வரிசை வரிசையாகப் பின்னால் நகர்ந்தது. நகர நகர மாடத்தில் பேச்சு அடங்கியது. சும்புய் மட்டும் மடியில் இருந்த கைகளைப் பார்த்துக்கொண்டு, "நேத்து மீன்கூட வெச்சோமே," என்றாள்.

பதினோரு மணி அடித்து ஐந்து நிமிடத்தில் சபாநாயகர் வாக்கெடுப்பை அறிவித்தார். மசோதாவை ஆதரிப்பவர்கள் எழுந்து நிற்கட்டும். கீழே இருபது பேர் எழுந்தார்கள். எழுத்தர் ஒவ்வொருவராக விரல் நீட்டி எண்ணினார். அவர்கள் உட்கார்ந்தார்கள்.

மசோதாவை எதிர்ப்பவர்கள் எழுந்து நிற்கட்டும்.

கீழே இருபது பேர் எழுந்தார்கள். மேலே மொஜுந்தின் எழுந்தார். அவரைப் பார்த்துச் சும்புய் எழுந்தாள். அப்புறம் பின்வரிசைகளில் மடக்கு நாற்காலிகள் ஒவ்வொன்றாக டப்டப்பென்று மடங்கின. முப்பத்திரண்டு பேரும் கறுப்பு வெல்வெட்டில் நேராக நின்றார்கள். கூச்சல் போடவில்லை. கையைத் தூக்கவில்லை. எழுந்து நிற்கச் சொன்னார்கள், நின்றார்கள், அவ்வளவுதான். உட்கார்ந்திருந்தது செவரினஸ் ஒருவர். அவருக்கும் எழ வேண்டும்போலத்தான் இருந்தது. எந்தக் கணக்கில் எழுவது என்று தெரியவில்லை.

கீழே தலைகள் நிமிர்ந்தன. தூங்கியவரும் விழித்துவிட்டார். சபாநாயகரின் குரல் ஒலிபெருக்கியில் பிந்தி வந்தது. பார்வையாளர்கள் அமர வேண்டும். அமரும்வரை எண்ணிக்கை நடக்காது. அமராவிட்டால் மாடம் காலி செய்யப்படும்.

யாரும் அமரவில்லை. பக்கவாட்டுக் கதவு திறந்து நான்கு காவலர்கள் உள்ளே வந்தார்கள். ஒருவன் சின்னப் பையன், புதிதாகச் சேர்ந்தவன்போல. அவன் சும்புயின் முழங்கையைப் பிடித்தான். அவள் கையை உதறவில்லை. பிடித்த கையைக் குனிந்து பார்த்தாள், சட்டையில் வந்து உட்கார்ந்த பூச்சியைப் பார்ப்பதுபோல. ஜும்லி செவரினஸின் பக்கம் வந்து குனிந்தார்.

"ஒய்பி, நீங்க சொன்னா கேப்பாங்க. நான் இவங்க மேல கை வைக்க வேணாம். தயவுசெஞ்சு சொல்லுங்க."

செவரினஸ் கண்ணாடிக்குக் கீழே பார்த்தார். எதிர்த்து நின்ற இருபது பேரும் மேலேயே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்களில் ஒருவர் உள்ளங்கையைக் கீழ்நோக்கி அசைத்தார். உட்காரச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் எங்கள் இருபதையும் எண்ணமாட்டார்கள். எண்ணி என்ன ஆகப்போகிறது என்று செவரினஸுக்குத் தெரியும். இருபதுக்கு இருபது வந்தால் முடிவு சபாநாயகர் கையில். சபாநாயகர் யார் கையில் என்பது இந்தக் கட்டடத்தில் எல்லாருக்கும் தெரியும்.

"உக்காருங்க," என்றார்.

குரல் அவருக்கே கேட்கவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு மறுபடி சொன்னார், வகுப்பில் சொல்வதுபோல. "எல்லாரும் உக்காருங்க. நான் சொல்றேன்ல."

அவர்கள் உட்கார்ந்தார்கள். முணுமுணுக்கக்கூட இல்லை. பதினான்கு வருடமாக அவர் சொன்ன இடத்தில் கையெழுத்துப் போட்டு, சொன்ன சின்னத்தில் குத்தி, சொன்ன நாளில் பஸ் ஏறியவர்கள் இப்போதும் சொன்னபடியே செய்தார்கள். மொஜுந்தின் மட்டும் ஒரு கணம் கூடுதலாக நின்றார். பிறகு அவரும் நாற்காலிக் கையைப் பிடித்துக்கொண்டு மெல்ல இறங்கினார்.

எழுத்தர் எண்ணினார். இருபதுக்கு இருபது. சபாநாயகர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு, தன் வாக்கு மசோதாவுக்கு ஆதரவாக என்று சொன்னார். சொல்லப் பத்து விநாடி ஆகியிருக்கும். உடனே அடுத்த மசோதாவின் எண்ணைப் படித்தார். அது மீன்பிடிப் படகுகளின் உரிமக் கட்டணம் பற்றியது. ஒன்றேகால் மணி நேரம் நடந்தது. லிந்தோயன்காரர்கள் அது முழுவதையும் அசையாமல் இருந்து கேட்டார்கள்.

மதிய இடைவேளைக்கு அவை கலைந்தது. கீழே மேசைகளிலிருந்து காகிதங்களைப் பொறுக்க ஆரம்பித்தார்கள். மாடத்தில் மற்ற பார்வையாளர்கள் எல்லாரும் போய்விட்டார்கள். ஜும்லி கதவருகே வந்து நின்று, கைக்கடிகாரத்தைப் பார்த்து, பார்க்காததுபோல் திரும்பிக்கொண்டார்.

"ஒய்பி," என்றார் மொஜுந்தின். "இனிமே நாங்க எந்திரிக்கலாமா?"

கேலியோ கோபமோ அந்தக் குரலில் இல்லை. உண்மையாகவே கேட்டார். பின்னால் முப்பத்தோரு பேரும் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு காத்திருந்தார்கள். முதலில் தான் எழுந்துவிட்டால் அவர்களும் எழுந்துவிடுவார்கள் என்று செவரினஸுக்குத் தோன்றியது. நாற்காலிக் கைகளை இறுகப் பிடித்தார். கால்கள் மட்டும் அவர் சொன்னபடி கேட்கவில்லை.