முற்பகலில் சேர்ந்தவர்

அப்பாவின் வலக்கை நடுவிரலில் படிந்திருந்த மைக்கறையை ஈரத்துணியால் துடைத்துக்கொண்டிருந்தாள் மூத்தவள். செவிலியாகப் பதினாறு ஆண்டுகள் எத்தனையோ உடல்களைத் தூய்மை செய்த கை, இந்த ஒரு விரலில் தயங்கிற்று. காலை ஒன்பதரைக்கு, அலுவலகம் புறப்படக் காலணி அணிந்தபின், வழக்குக் கட்டின் ஓரத்தில் ஏதோ குறித்துக்கொண்டிருந்தவர் அப்படியே மேசைமேல் சாய்ந்துவிட்டார். தொடங்கிய வாக்கியத்தை முடிக்கக் கூற்றுவன் பொறுக்கவில்லை. கறை போகவில்லை. போதும் என்று துணியை வைத்துவிட்டாள்.

"கேக்கக் கூடாத நேரம்மா," என்றார் பக்கத்தில் நின்ற வக்கீல். "திங்கக்கிழமை இறுதி விசாரணை. வாரிசுங்க ரெண்டு பேரும் கையெழுத்துப் போட்டாத்தான் வழக்கு நிக்கும். ஒருத்தர் விலகினாக்கூட எதிர்த்தரப்பு அதையே பிடிச்சுக்கும்."

இளையவன் சுவரைப் பார்த்தபடி சொன்னான்: "விடுங்க சார். பதினோரு வருஷம் ஆச்சு. இனிமே எந்த நாற்காலியில போய் உக்காரப் போறாரு?"

"நாற்காலியாடா கேட்டாரு?" என்றாள் மூத்தவள். "வரிசையைத்தான் கேட்டாரு."

"ரெண்டும் ஒண்ணுதான்க்கா."

"ஒண்ணுன்னா எப்பவோ விட்டிருப்பாரு."

"நீ வேணா போட்டுக்க. நான் போடல."

வக்கீல் தாள்களை மேசைமேல் வைத்துவிட்டு வாசற்பக்கம் ஒதுங்கினார்.

வழக்கின் வேர் மிகச் சிறியது. இருபத்தெட்டு ஆண்டுகளுக்குமுன் ஒரே நாளில் இருவர் பணியில் சேர்ந்தனர். அப்பா முற்பகல், மற்றவர் பேருந்தைத் தவறவிட்டுப் பிற்பகல். ஒரே நாளில் சேர்ந்தோருக்கு நேரமே மூப்பு என்பது அத்துறையின் விதி. பணிமூப்புப் பட்டியலைப் படியெடுத்த எவரோ இருவர் நேரத்தையும் மாற்றி எழுதிவிட்டார். அப்பா அதைக் கண்டபோது மற்றவர் கண்காணிப்பாளர் ஆகியிருந்தார். திருத்தக் கேட்டதற்குக் காலங்கடந்த கோரிக்கை என்று ஒற்றை வரியில் விடை வந்தது. அதன்பின் நீதிமன்றம். மனுவில் எதிர்மனுதாரர் நால்வர். முதல் மூவர் துறை அதிகாரிகள், பிற்பகலில் வந்தவர் நான்காமவர். வீட்டில் அவருக்கு அதுவே பெயராயிற்று.

"நாலாமவர்கிட்ட நாளைக்கு லீவு வாங்கியிருக்கேன், அவர்மேல கேஸ் நடத்த," என்று அப்பா சிரிப்பார். பதினோரு ஆண்டுகள் அவருக்குக் கீழே, அவருக்கு எதிர்மேசையில், ஒரு கோப்பும் தேங்காமல் வேலை செய்தார். "வழக்கு தாளோடதான். ஆளோட இல்ல." விடியலில் துதிப்பாடல் முடிந்த கையோடு வழக்குக் கட்டைப் பிரிப்பார், இரண்டையும் ஒரே ராகத்தில் படிப்பதாக இளையவன் கேலி செய்வதுண்டு. நாலாமவரோ தம் பதில்மனுவில் 'பதிவேட்டில் உள்ளபடி' என்று மட்டும் எழுதியிருந்தார். மறுக்கவுமில்லை; ஒப்பவுமில்லை.

மூன்று மணிக்கு அலுவலகத்தார் வந்தனர். முன்னால் நாலாமவர். இளையவன் உள்ளே நழுவப் பார்த்தான். மூத்தவள் அவன் மணிக்கட்டைப் பற்றினாள்.

"எங்க ஓடற? அப்பா இருந்தா நாற்காலி போட்டிருப்பாரு. எடுத்துப் போடு."

போட்டான். நாலாமவர் அமரவில்லை. அப்பாவின் முகத்தையே நெடுநேரம் பார்த்து நின்றார்.

"எப்பவும் பத்து நிமிஷம் முன்னாடியே வந்திடுவாரும்மா," என்றார். "இன்னைக்குப் பத்தடிச்சும் காணோம். வருகைப் பதிவேட்டுல அவர் பேருக்கு நேரே குறுக்குக்கோடு போடணும். போடல. பேனாவை மூடி வெச்சிட்டேன்."

மூத்தவள் தலையசைத்தாள்.

பியூன் இரங்கல் தீர்மானத்தை மேசைமேல், வழக்குக் கட்டுக்கு அருகே விரித்தார். குடும்பத்தாரிடம் கொடுத்துச் செல்வதற்கான தாள். வருகைப் பதிவேட்டைப் போலவே இதிலும் மூப்பு வரிசையில்தான் கையொப்பமிடுவது அவர்கள் வழக்கம்.

"நீங்கதான் சார் மொதல்ல."

நாலாமவர் குனிந்தார். முதல் வரியைத் தாண்டி இரண்டாம் வரியில் கையெழுத்திட்டார். கீழே தேதி. அதனருகில் நிறுத்தி நிதானமாக, பிற்பகல் என்று எழுதினார்.

"சார், மேல ஒரு வரி விட்டுட்டீங்க," என்றார் பியூன். "பின்னாடி வர்றவங்க யாராவது போட்டுடப் போறாங்க."

"யாரும் போட வேணாம். அது ஆள் இருக்கிற இடம்."

எவரோ இருமினார். வாசலில் நின்ற வக்கீல் திரும்பிப் பார்த்தார். பிறகு தெருவையே பார்க்கலானார். மற்றவர்கள் ஒவ்வொருவராக வந்து, கீழே, கீழே கையெழுத்திட்டனர். நாலாமவர் அப்பாவின் காலடியில் சிறிது நின்று, எவரிடமும் சொல்லிக்கொள்ளாமல் படியிறங்கினார்.

அவர்கள் போனபின் இளையவன் அந்தத் தாளருகே நின்றான். ஒரு முறை படித்தான். மீண்டும் படித்தான். பிறகு வக்கீல் வைத்த தாள்களைத் தன் பக்கம் இழுத்து, அப்பாவின் பேனாவைத் திறந்தான்.

"எங்க சார் போடணும்?"

வக்கீல் வந்து இடங்காட்டினார். இளையவன் முதல் வரியில் பேனாவை ஊன்றப் போனான்.

"தள்ளுடா," என்றாள் அக்கா. "மூத்தவ நான்."

அவன் பேனாவை அவளிடம் நீட்டினான். அவள் போட்டாள். கீழ்வரியில் அவன் போட்டான்.

சன்னல் வழி வந்த காற்றில் இரங்கல் தாள் எழும்பிற்று. மூத்தவள் அப்பாவின் மூக்குக்கண்ணாடியை எடுத்து அதன்மேல் வைத்தாள். பின் ஏதோ நினைத்தவளாய், மேல்வரி மறையாதபடி அதைச் சற்றுக் கீழே நகர்த்தினாள்.