தனி ஆவர்த்தனத்தில் எழுந்து போகாதவள்

1

மாட்டுங்காவிலும் மாட்ரிட்டிலும் இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட சகல தேசங்களிலும் வசிக்கும் சங்கீத ரசிகப் பெருமக்களின் மேலான கவனத்துக்கு: ஸ்பானிய மொழியில் கச்சேரிப் படம் எடுக்கும் கலையின் சூட்சுமங்கள் யாவும் தமிழில் முதன்முறையாக இங்கே வெளியிடப்படுகின்றன. செருப்பைக் கழற்றிவிட்டுப் படிப்பது உத்தமம்.

எனக்கு ஸ்பானிஷ் தெரியாது. சபா மலருக்குக் கட்டுரை கேட்டார்கள். தலைப்பையும் அவர்களே கொடுத்துவிட்டார்கள். தெரியாத விஷயம் என்றால்தான் எனக்குத் தடையில்லாமல் எழுத வரும். ஆகவே ஒப்புக்கொண்டேன். ஆராய்ச்சிக்காகத் தாதரில் ஒரு ஃபிலிம் சொசைட்டி காட்டிய படத்துக்குப் போய், ஃபேனுக்கு நேர் கீழே இடம் பிடித்து, நல்லபடியாகத் தூங்கிக்கொண்டிருந்தேன். மரத்தில் ஆணி அறைகிற மாதிரி சத்தம் கேட்டு விழித்தால், திரையில் ஒருத்தி பூட்ஸ் காலால் மேடையை உதைத்து ஆடிக்கொண்டிருந்தாள். அடுத்த ஷாட்டில் காலி நாற்காலிகள். கேமரா வரிசையோடு மெல்ல நகர்கிறது. ஒரு நாற்காலியில் மடித்த அங்கவஸ்திரம். அடுத்ததில் கைக்குட்டை. அதற்கடுத்ததில் குடை. பிறகு ஒரு வெற்றிலைப் பெட்டி.

துண்டு போட்டு இடம் பிடிக்கிற வழக்கம் ஸ்பெயினில் உண்டா என்று எனக்குத் தெரியாது. வெற்றிலைப் பெட்டி போட்டுப் பிடிக்கிற வழக்கம் மாட்டுங்காவைத் தவிர வேறெங்கும் இருக்க முடியாது.

கேமரா வரிசையின் கோடிக்குப் போவதற்குள் ஃபிலிம் அறுந்தது. விளக்கைப் போட்டுவிட்டார்கள். கட்டுரை போயிற்று, கதை வந்தது. அக்கம்பக்கத்தில் விசாரித்ததில் பாதி கிடைத்தது. மீதியை நான் போட்டுக்கொண்டேன். எது எந்தப் பாதி என்று கேட்பது நாகரிகமில்லை.

2

முதல் ஆரம்பம்: 'ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்து நான்காம் ஆண்டு, மேற்றிசையும் கீழ்த்திசையும் நாதமென்னும் நூலால் பிணைக்கப்பட்ட அந்தப் பொன்மாலைப் பொழுதில்...'

வேண்டாம். இது சபா செயலாளர் பஞ்சுவின் வரவேற்புரை. கேமராக்காரர் லென்ஸை மூடிய பிறகுதான் அவர் வாயை மூடினார்.

இரண்டாம் ஆரம்பம்: 'அம்மிணி ஓர் அபலை.'

பொய். மார்க்கெட்டில் அவளிடம் முருங்கைக்காய் விற்றவனைக் கேளுங்கள்.

மூன்றாவது: 'அம்மிணிக்கு நாற்காலி காவல்.'

இது நிற்கும்.

3

அம்மிணி பஞ்சுவின் மனைவி. மாட்டுங்காவில் எந்தக் கச்சேரியானாலும், பாடகர் ஓய்ந்து மிருதங்கக்காரர் தனியாக வாசிக்க ஆரம்பித்ததும் சபை எழுந்து கேன்டீனுக்குப் போய்விடும். இதில் அவமரியாதை ஏதும் கிடையாது. காபி அப்போதுதான் சூடாக இருக்கும். ஆனால் திரும்பி வரும்போது நாற்காலி இருக்க வேண்டுமே? 'அம்மிணி இருக்கா, பாத்துப்பா' என்று ஒருவர் ஆரம்பித்து வைத்தார். வருஷங்கள் போகப்போக அது சபாவின் எழுதாத விதியாகிவிட்டது. இப்படிக் குடைகளுக்கும் கைக்குட்டைகளுக்கும் நடுவில் உட்கார்ந்தே, அந்தப் பேட்டையில் வாசித்த தனி ஆவர்த்தனம் அத்தனையையும் கேட்டவள் அவள் ஒருத்திதான். ஆசைப்பட்டுக் கேட்டதில்லை. எழுந்து போக முடியாமல் கேட்டது. (நான் காலேஜில் இலக்கியம் படித்ததும் இப்படித்தான்.)

அந்த வருஷம் ஸ்பெயினிலிருந்து ஒரு கிதார்க்காரர், ஒரு பாட்டுக்காரர், ஓர் ஆட்டக்காரி என்று மூன்று பேர் வந்தார்கள். ஊர் ஊராக அவர்கள் பின்னால் படம் எடுத்துக்கொண்டு வந்தவர் டைரக்டர் எஸ்தெபான். உள்ளூரில் அவருக்கு உதவியாளர் தாராவி மன்சூர் அலி. கேமராவில் ஃபிலிம் மாட்டுவது, பஞ்சு பேசும் இங்கிலீஷை எஸ்தெபானுக்குப் புரிகிற இங்கிலீஷாக மாற்றுவது, இரண்டு வேலையும் அவர் தலையில்.

கச்சேரிப் படம் என்றால் கேமராவை நிறுத்திவிட்டுச் சும்மா இருப்பது என்று நினைத்திருந்தேன். அப்படி இல்லையாம். கிதார்க்காரரின் விரல்களைக் காலையிலேயே ஆளில்லாத ஹாலில் எடுத்து வைத்துக்கொண்டார்கள். சாயங்காலப் பாட்டு நாடாவில் பதிவாகும். பிறகு எங்கேயோ ஓர் அறையில் கத்திரியும் பசையுமாக உட்கார்ந்து, காலை விரலைச் சாயங்கால ஸ்வரத்தின் மேல் ஒட்டுவார்கள். கேமரா இரண்டு. ஒன்று மேடையைப் பார்த்து, மற்றது சபையைப் பார்த்து. எஸ்தெபானுக்கு இரண்டாவதுதான் உயிர். பாட்டு, பாடுகிறவன் முகத்தில் தெரியாது, கேட்கிறவன் முகத்தில்தான் தெரியும் என்பது அவருடைய சித்தாந்தம். அவர் அதுவரை மாட்டுங்கா முகங்களைப் பார்த்ததில்லை.

அவர்களுடைய தாளம் பன்னிரண்டு எண்ணிக்கை. சபை ஒருமனதாக எட்டு எண்ணிக்கை ஆதி தாளம் போட்டது. முன்வரிசையில் இருந்த வித்வான்கள், ஸ்பெயின்காரர் தாளம் தப்புகிறார் என்று ஒருவரையொருவர் பார்த்துப் புன்னகைத்தார்கள். இவர்கள் ஏன் தொடையில் அடித்துக்கொள்கிறார்கள், கோபமா என்று எஸ்தெபான் மன்சூர் அலியிடம் கேட்டார். ரொம்பச் சந்தோஷம் வந்தால் இங்கே அப்படித்தான் என்று மன்சூர் அலி சமாளித்தார்.

பிறகு பாட்டு நின்றது. கிதார் நின்றது. ஆட்டக்காரியின் குதிகால் மட்டும் தனியாகப் பேச ஆரம்பித்தது.

சபைக்கு இடம் பொருள் தெரிந்துவிட்டது. துண்டைப் போட்டது, எழுந்தது, போயிற்று.

4

ஆட்டக்காரி காலி ஹாலைப் பார்த்தாள். ஒரு கணம் காலை ஊன்றியபடியே நின்றாள். வரிசைக் கோடியில், பைகளுக்கும் குடைகளுக்கும் நடுவே ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். ஆட்டக்காரி மேடையின் விளிம்புக்கு வந்தாள்.

மிருதங்கக்காரர்கள் யாரும் அம்மிணியைப் பார்த்து வாசித்ததில்லை. நாற்காலிகளை மன்னித்துவிட்டுக் கண்ணை மூடிக்கொள்வார்கள். இவள் பார்த்தாள். குதிகாலால் ஒரு கணக்கைப் போட்டு, நடுவில் ஓர் இடத்தைக் காலியாக விட்டாள். அம்மிணியின் விரல் தானாக மடியில் அந்த இடத்தில் விழுந்தது. ஆட்டக்காரி புருவத்தைத் தூக்கினாள். இன்னும் கஷ்டமான ஒன்றைப் போட்டு, இன்னும் இடக்கான இடத்தில் விட்டாள். அங்கேயும் விரல் விழுந்தது. அப்படியே இருவரும் போய்க்கொண்டிருந்தார்கள். அம்மிணியின் கண்ணிலிருந்து நீர் இறங்கி மோவாய் வரை வந்தது. துடைக்கக் கை இல்லை. ஒரு கை தாளத்தில், மறு கை யாருடைய குடையிலோ.

[இந்த இடத்தில் ஓர் உவமை இருந்தது. மழைமேகம், மயில் எல்லாம் வந்தன. மயிலை ஓட்டிவிட்டேன்.]

5

எஸ்தெபான் அதைப் பார்த்துவிட்டார். மறுநாளே மன்சூர் அலியோடு வீட்டுக்கு வந்து, படத்துக்கு முதுகெலும்பே அந்த அழுகைதான் என்றார்.

பஞ்சு முடியாது என்றார். பெண்டாட்டி அழுவதைத் திரையில் போட்டால் புருஷன் அடிக்கிறான் என்றல்லவா ஐரோப்பா நினைக்கும்? மறுநாள் கொஞ்சம் இளகினார். வார முடிவுக்குள், மாட்டுங்காவிலிருந்து வடாலா வரைக்கும், அம்மிணியின் கண்ணீர் சீமைக்குப் போகிறது என்பதும், அதற்கான ரசனைப் பயிற்சியைக் கொடுத்தவர் பஞ்சு என்பதும் தெரிந்துபோயிற்று. அம்மிணியை யாரும் ஒன்றும் கேட்கவில்லை.

* பஞ்சுவை நான் கொஞ்சம் அதிகமாகவே சாத்துகிறேனோ என்று சந்தேகம் வந்தது. கேன்டீனிலிருந்து திரும்பும்போது என்றைக்காவது ஒரு நாள் மனைவிக்கு ஒரு டம்ளர் காபி கொண்டுவந்ததாக எழுதிப் பார்த்தேன். என் பேனாவே நம்பவில்லை.

அப்புறம்தான் மன்சூர் அலி தனியாக வந்து உண்மையைச் சொன்னார். கேமராவுக்குள் ஃபிலிம் பத்து நிமிஷந்தான் ஓடும். சபையைப் பார்த்த கேமரா துண்டு, கைக்குட்டை, குடை, பெட்டி என்று நகர்ந்து அம்மிணியிடம் வரும்போது தீர்ந்துவிட்டது. அவர் அவசரமாக வேறு மாட்டுவதற்குள் சபை காபியோடு திரும்பிவிட்டது. லாபரட்டரியில் கழுவிப் பார்த்தால் நாற்காலிகள் இருக்கின்றன, அம்மிணி இல்லை.

எஸ்தெபான் கலங்கவில்லை. காலை விரலைச் சாயங்கால ஸ்வரத்தில் ஒட்டுகிறவர் அவர். ஞாயிற்றுக்கிழமை காலையில் அதே ஹால், அதே நாற்காலி, அதே துண்டுகள். ஆட்டக்காரி கொழும்புக்குப் போய்விட்டாள், பரவாயில்லை, நாடாவைப் போடலாம். அவளுக்குப் பதிலாக அம்மிணி பார்ப்பதற்கு ஒரு மூங்கில் கழியில் சுண்ணாம்புக் கோடு. கண்ணீருக்குக் கிளிசரின்.

"ஒரு நிமிஷந்தானேடி," என்றார் பஞ்சு. "அன்னிக்கு அழுதே. இன்னிக்கு அழப்படாதா?"

"அன்னிக்கு நான் அழலை. அது வந்தது."

"அதையே வரச்சொல்லு. ஊரெல்லாம் சொல்லியாச்சு."

வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டிருந்த மன்சூர் அலி திரும்பிப் பார்த்தார். "மாமி, இஷ்டமில்லாட்டி எங்கிட்டச் சொல்லிருங்க. ஃபிலிமுல வெளிச்சம் ஏறிட்டுன்னு சொல்லிக்கிடுதேன். ரெண்டு ஏச்சு ஏசுவாரு, அம்புட்டுத்தான்."

அம்மிணி வாசற்படி வரை வந்தாள். பிறகு கேட்டாள். "மன்சூர், அன்னிக்கு நடந்தது எதுலயும் பதிவாகலைதானே?"

"சத்தம் இருக்கு. நீங்க இல்லை."

"அப்போ அது எங்கிட்ட மட்டுந்தான் இருக்கு."

"ஆமா மாமி."

"சரி. ஞாயித்துக்கிழமை வரேன்."

எதற்குச் சரி என்றாள் என்று எனக்குத் தெரியாது. இத்தனைக்கும் அந்த வரியை எழுதியவன் நான்.

6

ஞாயிற்றுக்கிழமை. துண்டுகள் அவரவர் நாற்காலியில். சபா கமிட்டியைச் சுவரோரமாக நிற்க வைத்திருந்தார்கள்; முகம் படத்தில் விழாது என்று சொன்னதும் பஞ்சு கோட்டுப் பொத்தான்களைக் கழற்றிவிட்டார். மன்சூர் அலி ஃபிலிமைத் திறந்து பார்த்து மூடினார். ஷாட் ஆரம்பம் என்று கட்டை தட்டினார்கள். நாடாப் பெட்டிக்குள்ளிருந்து குதிகால் பேச ஆரம்பித்தது. அதே கணக்கு, அதே இடைவெளி. எதிரில் சுண்ணாம்பு பூசிய மூங்கில்.

அம்மிணியின் விரல் மடியில் இருந்தது. அசையவில்லை.

இங்கே மூன்று முடிவுகள் வைத்திருக்கிறேன்.

ஒன்று: கிளிசரின் வேலை செய்கிறது. அம்மிணி அழுகிறாள். ஐரோப்பா உருகுகிறது. தன்னிடம் மட்டும் இருந்ததை அவள் கொடுத்துவிட்டாள். அதற்கப்புறம் அவளிடமும் அது இல்லை. உண்மைக்கு நெருக்கமாக இருக்கிறது. ஆகவே யாருக்கும் பிடிக்காது.

இரண்டு: மூங்கிலைப் பார்த்ததும் அவளுக்குச் சிரிப்பு வருகிறது. அடக்கப் பார்க்கிறாள், தோள் குலுங்குகிறது. பின்னாலிருந்து பார்த்தால் அழுகை மாதிரியே... (எஸ்தெபான் பின்னாலிருந்து எடுப்பாரா? இந்த முடிவைத் தொழில்நுட்பக் காரணங்களால் கைவிடுகிறேன்.)

மூன்று: அம்மிணி எழுந்திருக்கிறாள். கேமரா ஓடிக்கொண்டிருக்கிறது. இடுப்பிலிருந்து கைக்குட்டையை எடுத்துத் தன் நாற்காலியில் போடுகிறாள். சுவரோரம் நிற்கிற புருஷனைப் பார்த்து, "பாத்துக்கோங்கோ" என்று சொல்லிவிட்டு, தனி ஆவர்த்தனம் நடக்கும்போதே, வாழ்நாளில் முதல் தடவையாக, கேன்டீனுக்குக் காபி குடிக்கப் போகிறாள்.

மூன்றாவதை எழுதிவிட்டு நானே எழுந்து அறைக்குள் இரண்டு சுற்று நடந்தேன். அவ்வளவு நன்றாக வந்திருந்தது. நீங்களும் அதைத்தான் எடுத்துக்கொள்வீர்கள். படத்தைத் திரும்பப் போட்டு, அந்தக் கோடி நாற்காலியில் ஆள் இருக்கிறாளா, கைக்குட்டை இருக்கிறதா என்று பார்த்து என்னால் சொல்ல முடியும். பார்க்கப் போவதில்லை. முடிவை உங்களிடமே விட்டுவிடுகிறேன், தாராளமாக வைத்துக்கொள்ளுங்கள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் சபா கேன்டீன் கிடையாது.